முதலெழுத்து இல்லாத ஐந்து ஃபைல்கள்

பொறாமைதான். நானே சொல்லிவிடுகிறேன், மற்றவர்கள் வாயால் கேட்பதைவிட அது மேல். எண்பத்தாறாம் வருஷம் அக்டோபர் மாதம், டன்லப் ஸ்திரீட்டில் நகைக்கடை ஒன்றின் மேல்மாடியில் இருந்த எங்கள் ஆபீசில், மனோரஞ்சிதம் என்ற இருபத்திரண்டு வயதுப் பெண்ணைப் பார்த்துப் பார்த்து எனக்கு வயிறு எரிந்தது. அவள் வந்து மூன்று மாதம்கூட முழுசாக ஆகவில்லை. நான் வந்து ஆறு வருஷம்.

மற்ற கம்பெனிகளுக்குக் கம்ப்யூட்டர் வேலை செய்துகொடுப்பதுதான் எங்கள் தொழில். முகவரிப் பட்டியல், சரக்குப் பட்டியல், கடிதங்கள், இப்படி. முதலாளி பேரின்பநாயகம் யாழ்ப்பாணத்துக் குடும்பம், இங்கேயே பிறந்தவர், வெள்ளைச் சட்டையில் மடிப்புக் கலையாத மனுஷர். மாடியில் ஓர் அறைக்கு மட்டும் ஏர்கான். அந்த அறையில் கம்ப்யூட்டர், கம்ப்யூட்டருக்கு முன்னால் மனோரஞ்சிதம். அறைக்கு வெளியே, படிக்கட்டுப் பக்கம், இரண்டு இரும்பு அலமாரி, நானூறு டிஸ்க், ஒரு சின்ன மேசை, ஒரு டேபிள் ஃபேன், நான்.

வெளியே நான் வேர்த்து ஊற்றிக்கொண்டிருப்பேன். உள்ளே அவளுக்குக் குளிருமாம், ரோஸ் நிற ஸ்வெட்டர் போட்டுக்கொள்வாளாம். முதலாளி என்னை ஆறு வருஷமாக 'மிஸஸ் பிரிஜட்' என்பார். அவளை வந்த மூன்றாம் நாளே 'பிள்ளை' என்று கூப்பிட்டார். இதையெல்லாம் கவனிக்காமல் இருக்க நான் ஒன்றும் கோவில் சுரூபம் இல்லை.

எனக்கும் ஓர் ஆசை இருந்தது. முதலாளி இரண்டு வருஷத்துக்கு ஒருமுறை ஆபீசிலிருந்து ஒருவரை ஆறு மாதப் புரோகிராமிங் கோர்ஸுக்கு அனுப்புவார். மூன்று தடவை கேட்டுவிட்டேன். 'பார்ப்போம்' என்பார். அந்தக் கோர்ஸ் முடித்தால் நானும் ஏர்கான் அறைக்குள் உட்காரலாம். அடுத்தது ஜனவரியில். என்னைவிட்டால் டைப்பிங் செய்யும் ரூபி, அவளுக்குப் பத்தொன்பது வயது. ஆகவே இந்தத் தடவை எனக்குத்தான் என்று நம்பியிருந்தேன். நடுவில் பாலிடெக்னிக் டிப்ளோமாவோடு இவள் வந்து இறங்கினாள். புரோகிராமர்தான் வந்தாகிவிட்டதே, இனி எதற்கு இன்னொருவரைக் கோர்ஸுக்கு அனுப்புவார்? என் கணக்கு அப்படி ஓடியது.

அவளுக்குக் கொடுத்த வேலையும் சாதாரண வேலை இல்லை. ஊரின் மேற்குக் கோடியில், துவாசில் குழாய்ப் பட்டறை வைத்திருந்த இராமசாமி, குழாயின் நீளத்தையும் வளைக்கவேண்டிய கோணத்தையும் தட்டினால் திரையில் அந்தக் குழாய் படமாக வரவேண்டும் என்று கேட்டிருந்தார். வளைத்தபின் தப்பு என்று தெரிந்தால் குழாய் வீண் அல்லவா? வெட்டுமுன்னே பார்த்துவிடவேண்டும். எங்கள் ஆபீசில் அதுவரை திரையில் எழுத்தும் எண்ணும்தான் வந்திருக்கின்றன. கோடு போட்டு, வளைவு போட்டுப் படம் வருவது புதுசு. அவள் அதைச் செய்தும்விட்டாள். பச்சை நிறத்தில் ஒரு குழாய் திரையில் வளைந்து நின்றதை முதல் தடவை பார்த்தபோது ரூபி கைதட்டினாள். நானும் தட்டினேன், இரண்டு தட்டு.

இப்போது எங்கள் ஆபீசின் ஒரு பழக்கத்தைச் சொல்லவேண்டும். கம்ப்யூட்டருக்குள் இருந்த பெரிய டிஸ்கில் இடம் கொஞ்சம், எல்லாரும் குப்பையைப் போட்டுவைப்பார்கள். அதனால் முதலாளி ஒரு விதி வைத்தார். ஒவ்வொருவரும் தங்கள் ஃபைலின் பெயரைத் தங்கள் பெயரின் இரண்டு முதலெழுத்தில் தொடங்கவேண்டும். முதலெழுத்து இல்லாத ஃபைல் யாருக்கும் சொந்தமில்லை, வெள்ளிக்கிழமை சாயந்திரம் அழிக்கப்படும். அழிப்பது என் வேலை. அழிக்குமுன் எல்லாப் பெயரையும் தாளில் அச்செடுத்து, நாளும் நேரமும் எழுதி, அலமாரியில் வைப்பேன். அந்த ஆபீசில் எனக்கென்று இருந்த ஒரே அதிகாரம் அது. விடுவேனா?

அக்டோபர் மூன்றாம் வாரம் வெள்ளிக்கிழமை, மனோரஞ்சிதத்தின் பகுதியைத் திறந்தேன். அவளுடையவை எல்லாம் ஒழுங்காக எம்.ஆர். என்று தொடங்கின. கடைசியில் மட்டும் ஐந்து ஃபைல்கள், முதலெழுத்து இல்லாமல், எனக்குப் பழக்கமில்லாத பெயரில். ஏர்கான் அறைக் கதவு திறந்துதான் இருந்தது. அவள் படியிறங்கிக்கொண்டிருந்தாள். "ஏ மனோ, இது உன்னுடையதா?" என்று ஒரு குரல் கொடுத்திருக்கலாம். கொடுக்கவில்லை. விதி விதிதான் என்று சொல்லிக்கொண்டு அழித்தேன். அப்போது மனசுக்குள் ஒரு தித்திப்பு இருந்தது, அதையும் மறைக்கமாட்டேன்.

திங்கட்கிழமை இராமசாமி போன் செய்து, குழாய் இரண்டு இடத்தில் வளைகிற மாதிரியும் வேண்டும், வியாழக்கிழமை பத்து மணிக்கு வந்து பார்க்கிறேன் என்றார். மனோரஞ்சிதம் அன்றைக்கே எழுதத் தொடங்கினாள். டிஸ்கில் இடமில்லை என்று நான் ஒரு சத்தம் போட்டேன். பாவம், முன்பு ஓடிக்கொண்டிருந்த பழைய புரோகிராமை அவளே அழித்து எனக்கு இடம் கொடுத்தாள். புதுசைத்தான் நாளைக்கு உருவாக்கிவிடுவோமே என்ற தைரியம்.

செவ்வாய்க்கிழமை காலை புதுசு உருவாகவில்லை.

கம்பைலரை ஓட்டினாள். திரை முழுக்கப் பதினான்கு பெயர்கள் வரிசையாக வந்தன. கோடு போடும் கட்டளை, வட்டம் போடும் கட்டளை, திரையைத் துடைக்கும் கட்டளை, ஒன்றையும் காணோம் என்றது. புதிதாக எழுதியதில்தான் பிழை என்று நினைத்து அதை எல்லாம் எடுத்துவிட்டாள். அப்போதும் அதே பதினான்கு. பதினொரு மணிக்கு என் மேசைக்கு வந்தாள்.

"அக்கா, கம்பைலர் கெட்டுப் போயிருக்கும்னு நினைக்கிறேன். கம்பைலர் டிஸ்க் இருக்கா?"

"ஏன் இல்லாம?" என்று எடுத்துக் கொடுத்தேன். கம்பைலர் டிஸ்க் இரண்டு. அந்தப் பெட்டியில் மூன்றாவதாக ஒரு டிஸ்க்கும் இருந்தது. அவள் கம்பைலர் டிஸ்க் கேட்டாள், கம்பைலர் டிஸ்க் கொடுத்தேன். கேட்டதைக் கொடுப்பதுதானே என் வேலை. அவள் திரும்ப ஏற்றிப் பார்த்தாள். பதினான்கு பெயரும் அசையவில்லை.

மத்தியானம் எல்லாரும் தேக்கா மார்க்கெட்டுக்குச் சாப்பிடப் போனபிறகு, அந்த மூன்றாவது டிஸ்கோடு வந்த கையேட்டை எடுத்துப் பிரித்தேன். அவளுக்கு மட்டும்தான் புரியுமா என்ற வீம்பு. ஆங்கிலம் கொஞ்சம் கரடுமுரடு, ஆனால் நான்கு பக்கத்தில் விஷயம் பிடிபட்டது. கம்பைலருக்கு, நாம் எழுதியதை மெஷின் மொழிக்கு மாற்றத்தான் தெரியும். கோடு எப்படிப் போடுவது, வட்டம் எப்படிப் போடுவது என்பது அதற்குத் தெரியாது. அது வேறு ஃபைல்களில் இருக்கிறது. கிராபிக்ஸ் லைப்ரரி என்று பெயர். கடைசியில் அதையும் இதையும் சேர்த்துத் தைத்தால்தான் புரோகிராம் ஓடும். சமையல் குறிப்பில் 'மீன் மசாலா இரண்டு கரண்டி' என்று எழுதியிருக்கிறது, அலமாரியில் மசாலா டப்பாவே இல்லை. எழுதியவளுடைய குறிப்பில் தப்பு தேடி என்ன பிரயோஜனம்?

பாலிடெக்னிக்கில் மெஷினை யாரோ தயார் செய்து வைத்திருப்பார்கள், இவள் போய் உட்கார்ந்து தட்டியிருப்பாள். இங்கேயும் முந்தின வாரம்தான் கம்பைலர் விற்ற கடைக்காரர் வந்து எல்லாவற்றையும் ஏற்றிக் கொடுத்துவிட்டுப் போனார். லைப்ரரி என்று தனியாக ஒன்று இருக்கிறது என்பதே அவளுக்குத் தெரியாது. டிப்ளோமாக்காரிக்குத் தெரியாது, எனக்குத் தெரிந்துவிட்டது! அந்தச் சந்தோஷத்தை எப்படிச் சொல்வேன். பழம் நழுவிப் பாலில் விழுந்த மாதிரி இருந்தது.

வெள்ளிக்கிழமைத் தாளையும் அன்றைக்கு எடுத்த தாளையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தேன். முதலெழுத்து இல்லாமல் அதில் இருந்து இதில் இல்லாதவை ஐந்து. கையேட்டில் இருந்த அதே ஐந்து பெயர். வெள்ளிக்கிழமைத் தாளில் அவற்றைச் சிவப்புப் பென்சிலால் வட்டமிட்டேன். என் பழக்கப்படி ஓரத்தில் எழுதினேன்: செவ்வாய், 3.10.

அந்த நிமிஷம் அவள் வந்து நின்றாள். கண் இரண்டும் சிவந்திருந்தது.

"அக்கா, தலை வெடிக்குது. பனடால் இருக்குமா?"

இடது கையைத் தாளின் மேல் விரித்து வைத்துக்கொண்டு, வலது கையால் இழுப்பறையைத் திறந்து இரண்டு பனடால் கொடுத்தேன். "தண்ணி நிறையக் குடி" என்றும் சொன்னேன். "தேங்க்ஸ்கா" என்று சொல்லிவிட்டுப் போனாள். தாளைக் கையேட்டுக்குள் வைத்து மூடினேன்.

ஏன் சொல்லவில்லை? செவ்வாய்க்கிழமை சொன்னால், ஏர்கான் அறைக்குள் நாங்கள் இரண்டு பேர், 'தேங்க்ஸ்கா' என்று இன்னொரு தடவை, அவ்வளவுதான். வியாழக்கிழமை சொன்னால் முதலாளி இருப்பார், இராமசாமி இருப்பார். பிரிஜட்டுக்கும் மூளை இருக்கிறது என்று எல்லாரும் பார்ப்பார்கள். ஜனவரிக் கோர்ஸ் எனக்கு. அந்த வாரத்தோடு அவளுடைய மூன்று மாதச் சோதனைக் காலம் முடிகிறது, இது ஓடவில்லை என்றால் அவளை நிரந்தரமாக்கமாட்டார் என்பதும் எனக்குத் தெரியும். கடைசி நேரத்தில் காப்பாற்றத்தானே போகிறோம் என்று அதற்கும் ஒரு சமாதானம் வைத்திருந்தேன்.

புதன்கிழமை முழுக்க அவள் தன் புரோகிராமைத் தாளில் அச்செடுத்து, வரிவரியாகக் கோடு போட்டுப் படித்தாள். எண்ணூறு வரி. தப்பே இல்லாத எண்ணூறு வரியில் தப்பைத் தேடினாள். விற்ற கடைக்குப் போன் செய்தாள், ஆள் ஹாங்காங் போயிருக்கிறார், அடுத்த வாரம்தான் என்றார்கள். சாப்பிடப் போகவில்லை. ரூபி அவளுக்கு ஒரு பொட்டலம் மீ கோரெங் நூடுல்ஸ் வாங்கி வந்து வைத்தாள், அது அப்படியே ஆறிப்போனது. நான் ஃபேனைக் கொஞ்சம் திருப்பி வைத்துக்கொண்டேன், அவள் முகம் தெரியாதபடி.

அன்று இரவு சாப்பாட்டில் என் வீட்டுக்காரர் இஞ்ஞாசியிடம் சொன்னேன். தெம்பனிஸ் வீட்டுக்கு நாங்கள் புதிதாகக் குடிபோயிருந்த சமயம். அவர் துவாசில் கிரேன் ஓட்டுபவர், பேச்சு குறைவு.

"தெரிஞ்சா சொல்லிடு லா" என்றார்.

"நாளைக்குச் சொல்றேன்னுதானே சொல்றேன்."

"கீழ ஆள் நிக்குதுன்னு தெரிஞ்சா, நாளைக்கா ஹார்ன் அடிப்பேன்?"

"உங்க கிரேனும் இதுவும் ஒண்ணா? சாப்பிடுங்க" என்றேன். அவர் சாப்பிட்டார். எனக்குத்தான் சோறு இறங்கவில்லை.

வியாழக்கிழமை இராமசாமி பத்துக்கு ஐந்து நிமிஷம் முன்னாடியே வந்துவிட்டார். முதலாளி அவரை அறைக்குள் அழைத்துப் போய் நாற்காலி போட்டார். நான் கதவோரம் நின்றேன். மனோரஞ்சிதம் எழுந்து நின்று, கைவிரல்களைப் பின்னிக்கொண்டு, மெல்லச் சொன்னாள்.

"சார், ஓடலை. ரெண்டு நாளா என்ன தப்புன்னு எனக்குத் தெரியலை."

முதலாளியின் முகம் சுருங்கியது. "என்ன பிள்ளை, இப்பவோ சொல்லுறது?"

இராமசாமி கைக்கடிகாரத்தைப் பார்த்தார். துவாசிலிருந்து ஒன்றரை மணி நேரம் பஸ்ஸில் வந்தவர், பார்க்கத்தானே செய்வார்.

"சார், ஒரு நிமிஷம்" என்றேன். கையில் டிஸ்க், கக்கத்தில் கையேடு. அவள் நாற்காலியில் போய் உட்கார்ந்தேன். ஏர்கான் காற்று நேரே முகத்தில் அடித்தது. நான் விளக்கினேன், டீச்சர் மாதிரி விளக்கினேன். எழுதியதில் குற்றமில்லை, லைப்ரரி இல்லை, இதோ இந்த டிஸ்கில் இருக்கிறது என்றேன். ஐந்து ஃபைலையும் ஏற்றினேன். கம்பைலரை ஓட்டினேன். பதினான்கு பெயரும் திரையில் வந்து நின்றன.

திரும்ப ஓட்டினேன். திரும்ப அதே பதினான்கு. இராமசாமி இருமினார். எனக்குப் பின்னாலிருந்து மனோரஞ்சிதம் குனிந்து, என் காதுக்கு மட்டும் கேட்கிற மாதிரி சொன்னாள்: "அக்கா, பழக்கத்துல உங்க டைரக்டரியில ஏத்திட்டீங்க. அது என் டைரக்டரியிலதான் தேடும்."

ஆறு வருஷக் கை, தானாக என் இடத்துக்கே கொண்டுபோய் வைத்திருக்கிறது. மாற்றி வைத்தேன். இந்தத் தடவை ஒரு பெயரும் வரவில்லை. திரை ஒரு கணம் இருண்டது, பிறகு பச்சைக் குழாய் ஒன்று நீண்டு, ஓர் இடத்தில் வளைந்து, இன்னோர் இடத்தில் வளைந்து நின்றது.

"அட!" என்றார் இராமசாமி. பக்கத்தில் நாற்காலியை இழுத்துப் போட்டுக்கொண்டு, சின்னப் பிள்ளை போல விதவிதமான கோணம் கேட்டார். பன்னிரண்டு மணிவரை அவரை எழுப்பமுடியவில்லை.

அவர் போனபிறகு முதலாளி கேட்டார், அந்த ஐந்தும் எப்படிக் காணாமல் போனது என்று. "முதலெழுத்து இல்ல சார். வெள்ளிக்கிழமை போயிருக்கும்" என்றேன். அவருக்குச் சிரிப்பு வந்துவிட்டது. விதி அவருடைய விதிதானே. "பிள்ளை, இனிக் கவனமா இருக்கோணும். உங்களுக்கு வேலை நிரந்தரம், கடிதம் நாளைக்குத் தாறன்" என்றார். அவள் தலையாட்டினாள். மேசையிலிருந்த கையேட்டைக் காட்டி, "அக்கா, இதை நான் படிச்சிட்டுத் தரட்டுமா?" என்று கேட்டாள். "தாராளமா" என்றேன். பெருமையில் எனக்கு உலகமே மறந்திருந்தது.

மூன்று மணிக்கு முதலாளி என்னைத் தம் அறைக்குக் கூப்பிட்டார். உட்காரச் சொன்னார். ஆறு வருஷத்தில் அது இரண்டாவது தடவை.

"மிஸஸ் பிரிஜட், ஜனவரிக் கோர்ஸுக்கு உங்கட பேரைத்தான் திங்கட்கிழமை எழுதி வச்சிருந்தனான்" என்றார்.

எனக்குக் கண் கலங்கிவிட்டது. 'தேங்க் யூ சார்' என்று வாயைத் திறந்தேன்.

"ஆனா இண்டைக்குப் பார்த்தபிறகு எப்படி அனுப்புறது? எந்த டிஸ்க், எந்த ஃபைல், எப்ப போனது எண்டு இவ்வளவு தெரிஞ்ச ஆள் ஆறு மாசம் இல்லாட்டி இந்த ஆபீஸ் என்னாகும்? புரோகிராமர் ஆயிரம் பேர் வருவினம். அந்த அலமாரிக்கு உங்களை விட்டா ஆள் இல்லை. ரூபியை அனுப்புவம், சின்னப் பிள்ளை. உங்களுக்கு அலமாரிப் பக்கம் இன்னொரு ஃபேன் போட்டுத் தாறன்."

கைக்கு எட்டியது வாய்க்கு எட்டவில்லை என்பார்கள். என் கையாலேயே நான் தட்டிவிட்ட கதை இது. செவ்வாய்க்கிழமை மூன்று பத்துக்கு வாயைத் திறந்திருந்தால், முதலாளிக்கு ஒன்றும் தெரிந்திருக்காது, ஜனவரியில் நான் கோர்ஸில் உட்கார்ந்திருப்பேன். வெளியே வந்தால், ரூபி எதுவும் அறியாமல் டைப் அடித்துக்கொண்டிருந்தாள். அவள் முதுகைப் பார்த்ததும் வயிறு புதிதாக எரியத் தொடங்கியது. வெட்கமாகவும் இருந்தது, எரியவும் செய்தது.

ஐந்து மணிக்கு மனோரஞ்சிதம் என் மேசைக்கு வந்தாள். ஸ்வெட்டரைக் கழற்றிக் கையில் வைத்திருந்தாள். கையேட்டை மேசைமேல் வைத்தாள். அதன்மேல், மடிப்பை நீவிவிட்டு, ஒரு தாளை வைத்தாள். சிவப்பு வட்டம் ஐந்து. ஓரத்தில் என் கையெழுத்தில் நாளும் நேரமும்.

"உள்ள இருந்துச்சுக்கா" என்றாள்.

மேசையில் கிடந்த சிவப்புப் பென்சிலை இழுப்பறைக்குள் போட்டேன்.

"நான் அப்பத்தான் வந்து பனடால் கேட்டேன். நீங்க குடுத்தீங்க." குரல் உயரவில்லை. "தண்ணி நிறையக் குடின்னு சொன்னீங்க."

"மனோ..."

"சார்கிட்ட சொல்லமாட்டேன். இது உங்க அலமாரியிலேயே இருக்கட்டும்." படியிறங்கிப் போய்விட்டாள். வழக்கமாகச் சொல்லும் 'வரேன்கா' அன்றைக்கு இல்லை, அதன்பிறகும் இல்லை. கேட்கவேண்டியதைக் கேட்பாள், கொடுப்பேன், 'தேங்க் யூ மிஸஸ் பிரிஜட்' என்பாள்.

மறுநாள் வெள்ளிக்கிழமை. சாயந்திரம் துடைக்க உட்கார்ந்தேன். அவள் பகுதியில் அந்த ஐந்து ஃபைல்களும் முதலெழுத்து இல்லாமல் அப்படியே இருந்தன, தொடாமல் தாண்டிப் போனேன். ரூபியின் பகுதியில் யாருக்கும் சொந்தமில்லாமல் ஒன்று கிடந்தது. "ரூபி, இது உன்னுடையதா?" என்று குரல் கொடுத்தேன். அவள் ஓடிவந்து பெயரை மாற்றினாள்.

மேசையில் அந்தத் தாள் கிடந்தது. கிழித்துப் போட்டிருக்கலாம். யாருடையது என்று குறிக்காத எதையும் வெள்ளிக்கிழமைக்கு மேல் வைத்திருப்பதில்லை என்பதுதானே விதி. சிவப்புப் பென்சிலைச் சீவி, தாளின் தலையில் பி.ஐ. என்று என் முதலெழுத்து இரண்டையும் போட்டு, அலமாரியில் வைத்துப் பூட்டினேன்.